புது லாடம்

“ரெண்டு மாசமா கட்டிப்போட்டிருந்த மாட்டுக்கு, கால்ல புது லாடம் எப்படி வந்துச்சு ஏட்டய்யா?”

கும்மிடிப்பூண்டி செக்போஸ்டில் தணிகாசலம் கேட்ட கேள்விக்கு ஏட்டு குப்புராஜ் ரிஜிஸ்டரை நீட்டினார்.

“கோர்ட் ஆர்டர்படி வண்டி ஒண்ணு, மாடு ரெண்டு. கையெழுத்துப் போட்டுட்டு ஓட்டிக்கினு போப்பா.”

வண்டிக்காரன் ஜெயராஜ் கையெழுத்துப் போட்டான். ஆந்திரா பக்கமிருந்து அரிசி கடத்தினான் என்று அவனைப் பிடித்தது இதே குப்புராஜ்தான். அரிசிக்குச் சொந்தக்காரரான மண்டி முதலாளி மறுநாளே வெளியே வந்துவிட்டார். கூலிக்கு வண்டி ஓட்டியவன் இரண்டு மாதம் உள்ளே இருந்தான். நேற்றுதான் ஜாமீன். கூடவே வண்டி மாட்டை விடச் சொல்லியும் உத்தரவு.

தணிகாசலம் வண்டிக்காரர் சங்கத் தலைவர். இருபது வருஷமாக நோட்டீஸ் எழுதிப் பழகிய கை. அந்தக் கையால் வண்டிக்குள் தடவிப் பார்த்தார். சிவப்பாகச் செங்கல் தூள்.

“பாத்தியா ஜெயராஜு? நீ உள்ளே களி தின்னுக்கினு இருந்தே. ஐயா உன் மாட்டை வெச்சு செங்கல் லோடு அடிச்சுக்கினு இருந்தாரு.”

“பீடி இருந்தா ஒண்ணு குடுங்க தலைவரே” என்றார் குப்புராஜ்.

தணிகாசலம் செக்போஸ்ட் வாசலிலேயே உட்கார்ந்து மனு எழுதினார். ‘வாயில்லா ஜீவனின் வியர்வையைக் குடித்த ஏட்டு’ என்று மேலே பெரிதாகப் போட்டார்.

“மனுவுக்குத் தலைப்பு வேணுமா தலைவரே?” என்று கேட்டான் ஜெயராஜ்.

“அப்பதான் ஜட்ஜு படிப்பாரு. அஞ்சு மணிக்குள்ள பொன்னேரி கோர்ட்டுல குடுத்துட்டா, நாளைக்கு இவர் தலையில தொப்பி இருக்காது.”

வண்டி கிளம்பியது.

“நீங்க இல்லேன்னா என் ஊட்டுல பட்டினி கெடந்திருப்பாங்க” என்றான் ஜெயராஜ். “வாரா வாரம் சங்கத்துலேர்ந்து கேவுரு வந்துச்சுன்னு முத்தம்மா சொல்லிச்சு.”

தணிகாசலம் துண்டைச் சரிசெய்துகொண்டார். போஸ்டர் ஒட்டும் பசைக்கே சங்கத்தில் காசில்லை. கேழ்வரகு யார் கொடுத்தார்களோ, ஜெயராஜின் பெண்சாதி முத்தம்மா கும்பிட்டபோது இவர் மறுக்கவில்லை.

“சங்கம்னா அதுக்குத்தானேப்பா.”

கூட்டு ரோட்டில் மாடுகள் பொன்னேரிப் பக்கம் போகவில்லை. தாமாகவே புது பாக்டரி கட்டும் இடத்துக்குள் திரும்பின. ஜெயராஜ் கயிற்றை இழுத்தும் கேட்கவில்லை.

“உடு, உடு” என்றார் தணிகாசலம். “தெனம் வந்த எடம் போலிருக்கு. மாடே சாட்சி சொல்லுது.”

செங்கல் குவியலருகே போய் மாடுகள் நின்றன. மேஸ்திரி ஆசீர்வாதம் தவிட்டுத் தண்ணீரைக் கொண்டுவந்து வைத்தார்.

“இன்னா இன்னிக்கு லேட்டு? ஏட்டய்யா எங்க?”

“அவருக்கு இதுவரைக்கும் எவ்ளோ டப்பு குடுத்தே மேஸ்திரி? உள்ளதைச் சொல்லு” என்று மனுவை எடுத்தார் தணிகாசலம்.

“அவர் எங்க வாங்கினாரு? வைக்கோலுக்கு சர்க்காரு நயா பைசா தரல, சும்மா கட்டிப்போட்டா செத்துடும்னு ஓட்டிக்கினு வந்தாரு. மாட்டுக்குத் தீனியும் லாடமும் போக, மிச்சக் கூலிக்குக் கேவுரு. சனிக்கிழமையானா நான்தான் கொண்டுபோயி முத்தம்மான்னு ஒருத்தங்க ஊட்டுல எறக்குவேன்.”

ஜெயராஜ் தணிகாசலத்தைத் திரும்பிப் பார்த்தான். பிறகு மேஸ்திரியிடம் கேட்டான்:

“அப்புறம் ஏன்யா சங்கம் குடுத்துச்சுன்னு சொன்னே?”

“ஏட்டய்யாதான் அப்படிச் சொல்லச் சொன்னாரு. புருஷனைப் புடிச்ச போலீசு குடுத்ததுன்னா அந்தம்மா தொடாதாம். சங்கம் குடுத்ததுன்னா கௌரவமா சாப்பிடுவாங்களாம்.”

தண்ணீர் குடித்து முடித்த செவலை மாடு தலையைத் தூக்கி, தணிகாசலத்தின் கையிலிருந்த மனுவை நாக்கால் வளைத்து இழுத்தது.

அவர் விட்டுவிட்டார்.

“தலைப்பையும் சேத்துத் தின்னுடா ராசா” என்றார்.