காலியான கதிரைகள்

"றொசாந்தன் டைனமைற் அடிச்சு மீன் பிடிக்கிறான். அவனைக் கடலுக்குப் போக விடாதேங்கோ!" மீனவர் சங்க விசாரணையில் செலீனா தொண்டை கிழியக் கத்தினாள்.

தலைவர் எட்வேட் கதிரையை விட்டு எழும்பினார். "என்னை விடுங்கோ. நான் அவன்ர ஞானத்தகப்பன். ரீவி நாடகத்தில அந்த நீதவான் அம்மா, சொந்தக்காரன்ர வழக்கெண்டதும் விலகினவாவெல்லோ? அதுதான் நடுநிலை."

அரிப்புக் கிராமம் முழுக்க அழுதழுது பார்த்த நாடகம் அது. உடனே செயலாளரும் எழும்பினார். "எனக்கு அவன் மருமகன் முறை."

பொருளாளர் மில்ரனும் எழும்பினான். "எனக்கு மச்சானெல்லோ!"

செலீனா மூவரையும் மாறி மாறிப் பார்த்தாள். இந்த ஊரில் யார்தான் யாருக்குச் சொந்தமில்லை?

"அப்ப ஆர் தீர்ப்புச் சொல்லுறது? நாளைக்கும் அவன் வெடியோட போகப்போறான்!"

"அவனும் பாவம். கொஞ்சம் இரக்கப்படன், செலீனா" என்றார் எட்வேட்.

"இரக்கமோ?" காலியான கதிரைகளுக்கு முன்னால் அவள் முழந்தாளிட்டாள். "என்ர மனுசனையும் அந்த வெடிதான் திண்டது. மிச்சமிருக்கிறது இவன் ஒருத்தன்தான். பெத்த நானே வழக்குச் சொல்ல வந்திட்டன். உங்களை எந்தச் சொந்தம் தடுக்குது?"