வெளியாள்

மொட்டைமாடி ரூட்டருக்குப் பாதுகாப்பு அப்டேட் போட வந்த அருள்ராஜ், "பழைய பதிவெல்லாம் அழிஞ்சிரும்மா, ஒருக்கா பாத்துக்கிடுங்க" என்று திரையை நீட்டினான்.

ஒவ்வொரு அப்டேட்டின்போதும் வீட்டாள் யார், வெளியாள் யார் என்று ரூட்டர் கேட்கும். வெளியாளின் அழைப்பு வீட்டுக்குள் மணியடிக்காது. சொல்லாமல் கல்யாணம் செய்துகொண்ட மகள் ரெஜினாவை, போன முறை 'வெளியாள்' என்று அழுத்தியிருந்தாள் சலேத்தம்மாள். ஆத்திரம் தணிந்தபோது அழுத்தியதே மறந்துபோயிற்று.

பதிவில் ரெஜினா முப்பத்தொரு முறை அழைத்திருந்தாள். எல்லாமே ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்து அம்மா வீடு திரும்பும் நேரம். அந்த நேரத்தில்தான் வாரந்தோறும் பக்கத்து வீட்டு லில்லியிடம் சலேத்தம்மாள் புலம்புவாள்: "பெத்தவ இருக்காளா செத்தாளான்னு கேட்டாளா பாரு, கல்நெஞ்சுக்காரி!"

கடைசி அழைப்பு ஈஸ்டருக்கு மறுவாரம் வந்திருந்தது. இப்போது டிசம்பர்.

"அவள வீட்டாளா மாத்து, தம்பி."

"மாத்தியாச்சு. நீங்களே கூப்பிடுங்களேன்."

கூப்பிட்டாள். மகள் வீட்டு ரூட்டர் பணிவாகப் பேசியது: "மன்னிக்கவும். இந்த வீட்டுக்கு நீங்கள் வெளியாள்."

முப்பத்தொரு முறை இதே பதிலைக் கேட்ட பிறகுதான் ரெஜினா கூப்பிடுவதை நிறுத்தியிருக்கிறாள்.

சலேத்தம்மாள் போனை வைக்கவில்லை. "தம்பி, அவ வீட்டுல அடுத்த அப்டேட் எப்ப?" என்று கேட்டாள்.