மெஷின் கோளாறு

“மன்னிக்கணுங்க. மெஷின் கோளாறு. இப்ப சரி பண்ணிடுறோம்.”

மைக் செட்காரர் வைரக்கண்ணு மைக்கில் இப்படிச் சொன்னதும், பந்தியில் சாம்பார் வாளியோடு நின்றிருந்த மகேஷுக்கு உச்சி மண்டையில் சுர்ரென்று ஏறியது.

கோளாறாம்! பாதியில் நிறுத்தப்பட்டது அவனுடைய பாட்டு.

மகேஷ் பெரம்பலூரில் ஒரு கோச்சிங் சென்டரில் கணக்கு வாத்தியார். சாயங்காலமானால் நண்பர்கள் இரண்டு பேரோடு சேர்ந்து ‘ஆர்ட் ராக்’ என்று ஒரு புதுமாதிரி இசை. உயிரைக் கொடுத்து மூவரும் செய்த முதல் பாட்டு, ‘கடல் இருந்த ஊர்’. அரியலூர்ப் பக்கமெல்லாம் ஒரு காலத்தில் கடலாம். அந்தக் கடல் திரும்பி வந்து தன் இடத்தைக் கேட்கிறது. ஏழு நிமிஷப் பாட்டு. பல்லவி நாலாவது நிமிஷத்தில்தான் வரும்.

அன்று காலைதான் இணையத்தில் வெளியிட்டிருந்தான். வந்த ஒரே கமெண்ட்: “ஆடியோ சரியா அப்லோட் ஆகல ப்ரோ.”

இணையம் கிடக்கட்டும், சொந்தக்காரங்க முன்னால் வெளியிடுவோம் என்று முடிவு செய்தான். ஜெயங்கொண்டத்தில் மாமனார் வீட்டில் அன்றைக்கு அவருடைய மகன் வழிப் பேத்திக்குக் காதுகுத்து. மைக் செட் வைரக்கண்ணுவை ஓரமாய்க் கூப்பிட்டுப் பென் டிரைவைக் கொடுத்தான்.

“அண்ணே, யாரு பாட்டுன்னு இப்ப சொல்லாதீங்க. முடிஞ்சதும், ‘இது நம்ம வூட்டு மாப்பிள்ளை மகேஷ் போட்ட பாட்டு’ன்னு மைக்ல சொல்லணும். மாமாவுக்கு சர்ப்ரைஸ்.”

“சொல்லிட்டாப் போச்சு மாப்ள.”

மாமனாருக்கு இவன் கிடாரைத் தொட்டாலே ஆகாது. “கணக்கு வாத்தியாருக்கு எதுக்கு இந்த டொய்ங் டொய்ங்?” என்பார். இன்றைக்கு ஊரே கைதட்டும்போது அந்த முகத்தைப் பார்க்க வேண்டும்!

பாட்டு ஆரம்பித்தது. முதலில் ‘உஷ்ஷ்ஷ்’ என்று கடல் அலை.

“எவளோ குழாயைத் தொறந்து வுட்டுட்டுப் போயிட்டா பாரு!” என்று ஒரு பெரியம்மா கொல்லைப் பக்கம் ஓடினாள்.

அடுத்து, சுண்ணாம்புக்கல் லாரி ரிவர்ஸ் எடுக்கும் சத்தம். மகேஷ் வெயிலில் காத்துக் கிடந்து பதிவு செய்தது. பாதிப் பந்தி சாப்பாட்டை விட்டு எழுந்து, வாசலில் நிறுத்திய பைக்கை நகர்த்தப் போனது.

அப்புறம் கிடார் அலறியது. காது குத்த ஊசியை எடுத்த ஆசாரி கையை உதறினார். அதுவரை வீறிட்டுக்கொண்டிருந்த குழந்தை, தன்னைவிடப் பெரிதாய் யாரோ அழுகிறார்களே என்று வாயை மூடிக்கொண்டது.

பல்லவி வரட்டும், எல்லாரும் அசந்துடுவாங்க என்று வாளியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு நின்றான் மகேஷ்.

பல்லவி வாயைத் திறக்கும் நேரம், பாட்டு நின்றது. மெஷின் கோளாறாம்!

பந்தலே ‘அப்பாடா’ என்றது. சற்று நேரத்தில் அதே ஸ்பீக்கரில் ஒரு பழைய சினிமாப் பாட்டு கணீரென்று கேட்டது.

ஆம்ப்ளிஃபயர் பக்கத்தில் மாமனார் வைரக்கண்ணுவை வறுத்தெடுத்துக்கொண்டிருந்தார்.

“நல்ல நாளும் அதுவுமா ஓட்டை மெஷினைக் கொண்டாந்து மானத்தை வாங்கிட்டியேப்பா! அடுத்த விசேஷத்துக்கு நான் செந்துறையில ஆள் பாத்துக்கறேன். நீ இந்தப் பக்கமே வராத!”

வைரக்கண்ணு தலையைச் சொறிந்தார். “ஒயர் லூசா இருந்துச்சுங்க. தப்புதாங்க.”

நல்லா வேணும் என்று நினைத்தான் மகேஷ். மாமனார் அந்தப் பக்கம் போனதும் வாளியோடு பாய்ந்தான்.

“ஏண்ணே, மெஷின் நல்லாத்தானே பாடுது? என் பாட்டு மட்டும் உங்களுக்குக் கோளாறாத் தெரியுதா? புடிக்கலேன்னா முன்னாடியே சொல்லியிருக்கலாம்ல? இப்படி நம்ப வச்சுக் கழுத்தறுத்துட்டீங்களே!”

வைரக்கண்ணு சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, பென் டிரைவை மெஷினிலிருந்து பிடுங்கி அவன் சட்டைப் பையில் போட்டார்.

“மெதுவாப் பேசுங்க மாப்ள. பாட்டு எனக்குப் புரியலதான். ஆனாலும் கடைசி வரைக்கும் ஓட்டியிருப்பேன். நடுவுல உங்க மாமனார் வந்துட்டாரு. ‘இதை எந்தக் கழுதை பாடுச்சு? பேரை மைக்ல சொல்லு, வந்த சனம் பூரா காறித் துப்பட்டும்’னு ஒத்தக் கால்ல நிக்கிறாரு. நான் என்ன பண்ண? ‘அது பாட்டே இல்லீங்க, மெஷின் கோளாறு’ன்னுட்டேன்.”

மகேஷ் வாளியை மெல்லக் கீழே வைத்தான்.

“அதுக்காக நீங்க ஏண்ணே திட்டு வாங்கினீங்க?”

“நான் எங்க வாங்கினேன், மெஷின்தானே வாங்குச்சு! அது தாங்கும் மாப்ள. அதுக்கென்ன மாமனார் வூடா இருக்கு?”