பக்கத்துக் காணி

"ஒரு பரப்புக் காணிக்கு மூண்டு லட்சமோ? வெங்காயம் விளையிற செம்மண் ஐயா!" என்றாள் தவமலர்.

றோட்டுக்கு அவளது தோட்டக்காணியை எடுக்கும் அரசாங்கம் கட்டிய விலை அது. நியாயம் கேட்கத் துணைக்கு வந்த குலவீரசிங்கம் பக்கத்துக் கதிரையில் இருந்தார்.

"நானென்னம்மா செய்யிறது? போன வருசம் பக்கத்துக் காணி அந்த விலைக்குத்தான் போயிருக்கு. காணி உறுதிப் பத்திரத்திலை அப்பிடித்தான் கிடக்கு" என்றார் மதிப்பீட்டு அதிகாரி.

தவமலர் சட்டென்று திரும்பினாள். "அண்ணை, அது நீங்கள் வாங்கின காணியெல்லோ! பரப்பு பத்து லட்சமெண்டு ஊரெல்லாம் சொன்னனீங்கள். ஐயாவுக்கும் சொல்லுங்கோ!"

முத்திரை வரியை மிச்சம் பிடிக்க, பத்துக்கு வாங்கிய காணியை உறுதியில் மூன்றென்று எழுதுவித்தவர் குலவீரசிங்கம். உண்மையைச் சொன்னால் அவளுக்குக் காசு, அவருக்கு வழக்கு.

"அது சும்மா புளுகினனான், தங்கச்சி" என்றார், அவள் முகத்தைப் பாராமல். "குடுத்தது மூண்டுதான்."