வாசற்படியில் பூட்ஸ்

இறந்தவர்கள் எழுந்து நடக்கத் தொடங்கிய பிறகு, ஆயர் குரோ ஊரின் அந்த வீட்டு வரிசையில் மிஞ்சியிருந்தது கலைமகளும் மகள் ஷாமினியும்தான். அன்று காலை, போன வாரம் கடிபட்டு இறந்த கணவன் தினேஸ்வரன் ஒரு கூட்டத்தோடு வந்து கதவை உடைத்தான். கலைமகள் பாராங் கத்தியை ஓங்கினாள்.

“அம்மா, அது அப்பா! வெட்டாதீங்க!”

“அது உங்கப்பா இல்ல லா! ரூமுக்குள்ள போ!”

சேறு அப்பிய வேலை பூட்ஸ் வாசற்படியைத் தாண்டியது. கல்யாணமான நாளிலிருந்து அவன் காதிலேயே வாங்காத பேச்சு, பழக்கதோஷத்தில் அவள் வாயில் வந்துவிட்டது.

“எத்தன தடவ சொல்றது? பூட்ஸ கழட்டிட்டு வாங்க!”

தினேஸ்வரன் நின்றான். பின்வாங்கிப் படியில் உட்கார்ந்து, நாடாவை அவிழ்த்தான்.

அவள் கை தானாகத் தாழ்ந்தது.

அவனுக்குப் பின்னால், கேட் வரைக்கும் நின்ற அத்தனை பேரும் குனிந்து சிலிப்பரைக் கழற்றிக்கொண்டிருந்தார்கள்.