சுத்தியலுக்குப் பதிலாக

புவி அறிவியலில் மாபெரும் சாதனை புரிந்ததற்கான பல்கலைக்கழகப் பதக்கம் பேராசிரியரின் தொந்திமேல் இளைப்பாறுகிறது. பின்னால் திரையில், அவர் கண்டுபிடித்ததாகச் சொல்லப்படும் எரிமலைச் சாம்பல் அடுக்கு செங்குத்துப் பாறையில் நகக்கீறல்போல் வெளிறி ஓடுகிறது. அதை உண்மையில் கண்டுபிடித்த ஆய்வு மாணவி, படத்தில் பாறையை ஒட்டி, வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கியபடி நிற்கிறாள். "அந்தப் பொண்ணு யாருங்க?" என்கிறார் துணைவேந்தர். "பாறையோட உயரம் தெரியறதுக்குப் பக்கத்துல சுத்தியல் வைப்போம் சார். அன்னைக்கு மறந்துட்டேன், இவளை நிறுத்திட்டேன்!" ஒலிபெருக்கி கொரகொரக்கிறது; அரங்கம் சிரித்துக் கைதட்டுகிறது. மூன்றாம் வரிசையில் அவள் கைகள் மட்டும் மடியைவிட்டு எழவில்லை. பக்கத்திலிருக்கும் பதிவாளர் முழங்கையால் இடிக்கிறார். "தட்டும்மா, உன் சார்தானே?" "சுத்தியலுக்கு ஏது சார் கை?" என்கிறாள், மேடைக்கே கேட்கும்படி. துணைவேந்தர் மறுபடி திரையைத் திரும்பிப் பார்க்கிறார்.