கிரேக்கம் தெரிந்த ஆள்

மக்டலீன் கரண்டியை நீட்டிக் கிரேக்கத்தில் ஏதோ கெஞ்சினாள்.

அலெக்ஸாண்டர் கண்களை இறுக மூடினார். தன் மூக்கைத் தானே இரண்டு விரல்களால் பொத்திக்கொண்டு வாயை அகலத் திறந்தார்.

சூப் உள்ளே போனது. அவர் விழுங்கவில்லை. அது கடைவாயால் வழிந்து, கழுத்தில் கட்டியிருந்த துவாயில் இறங்கியது.

"மணம் பிடிக்கேல்லையாக்கும். கஞ்சியைக் குடுத்துப் பாருங்கோ," என்றார் சச்சி அண்ணை. அந்த மாடிக்குப் பொறுப்பான தாதி அவர்.

நான் ஆங்கிலத்தில் சொல்ல, மக்டலீன் கஞ்சியைக் கொடுத்தாள். மறுபடியும் மூக்கு, கண், வாய். கஞ்சியும் வெளியே வந்தது.

"இண்டைக்கும் இறங்காட்டி நாளைக்கு ஆஸ்பத்திரிதான் பிள்ளை. குழாய் விடுவினம். இந்த வயசில குழாயோட போனவை திரும்பி வந்ததை நான் காணேல்லை."

என்னிடம் தமிழில் சொல்லிவிட்டு அவர் பக்கத்து அறைக்குப் போனார்.

மக்டலீனும் நானும் முதியோர் பராமரிப்பு மாலை வகுப்பில் படிக்கிறோம். ஸ்கார்பரோவில் உள்ள இந்த விடுதியில் இராச்சாப்பாடு கொடுப்பது எங்கள் பயிற்சி. அலெக்ஸாண்டருக்குத் தொண்ணூற்றைந்து வயது. மறதி நோயில் அவருடைய ஆங்கிலம் முழுவதும் உதிர்ந்துவிட்டது.

கிரேக்கத்தில் பேசிப் பார்க்கலாம் என்பது என்னுடைய யோசனை. மல்வேர்னில் இதே மறதி நோயோடு இருந்த, எங்களுக்குத் தெரிந்த பாலேஸ்வரி அன்ரி, யாரோ தமிழில் "ஆ காட்டுங்கோ" என்று சொல்லும்வரை எதையும் விழுங்கவில்லை. அலெக்ஸாண்டர் பிறந்தது கிரேக்க நாட்டில். வன்கூவரில் இருக்கும் அவருடைய மகனும் தொலைபேசியில் அப்பாவின் மொழி கிரேக்கம் என்றே சொன்னார். எங்கள் வகுப்பில் கிரேக்கம் தெரிந்தவள் மக்டலீன் மட்டும்தான். எல்லாம் ஒன்றோடொன்று சரியாகப் பொருந்தியது.

ஆனால் போன கிழமை, ஒரு மொழியும் பேசாமல் நான் ஊட்டியபோது ஓரிரு கரண்டியாவது இறங்கியது. அது இப்போதுதான் எனக்கு உறைத்தது.

மூன்றாவது தடவை அவருடைய விரல்கள் மூக்கை நோக்கிப் போயின. மக்டலீன் கரண்டியைத் தட்டில் வைத்தாள். அவளுடைய முகம் வெளுத்திருந்தது.

எழுந்து வாசலுக்குப் போனாள். நடைபாதையின் இரு பக்கமும் பார்த்தாள். கதவைச் சாத்தினாள். யன்னலுக்கு வெளியே கார்களையும் பனியையும் தவிர ஒன்றுமில்லை. ஆனாலும் திரையை இழுத்துவிட்டாள்.

பிறகு அவருடைய காதருகே குனிந்து பேசினாள்.

அது கிரேக்கம் இல்லை. அவள் தன் வருங்காலக் கணவனோடு தொலைபேசியில் கிரேக்கம் பேசுவதை நான் மாதக்கணக்காகக் கேட்டிருக்கிறேன். இது வேறு மொழி.

அலெக்ஸாண்டர் கண்ணைத் திறந்தார். முதலில் கதவைப் பார்த்தார். பிறகுதான் அவளைப் பார்த்தார். கையை எடுத்து அவளுடைய வாயைப் பொத்தினார்.

அவளைக் காப்பாற்றுகிறார் என்று நினைக்கிறேன். எனக்கு அப்படித்தான் பட்டது.

அந்தக் கைக்குள்ளிருந்தே அவள் இன்னும் ஏதோ சொன்னாள். அவர் ஒரு சொல் சொன்னார். கஞ்சி இறங்கியது. தொண்டை ஏறி இறங்குவதை நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

கோப்பை பாதியானபோது அவள் ஆங்கிலத்தில், என்னைப் பார்க்காமல் சொன்னாள். கிரேக்க நாட்டின் வடக்கில், அவரும் அவளுடைய குடும்பமும் பிறந்த பகுதிக் கிராமங்களில் வீட்டில் பேசியது மசிடோனிய மொழி. அவர் சிறுவனாக இருந்த காலத்தில் அதற்குத் தடை. பள்ளிக்கூடத்தில் வாய் தவறி ஒரு சொல் வந்தாலும், கிரேக்கத்தில் அதட்டி, மூக்கைப் பொத்தி, கரண்டியால் ஆமணக்கெண்ணெய் பருக்குவார்கள். அவளுடைய தாத்தாவுக்கும் பருக்கினார்கள்.

"அப்படியென்றால் உன் வீட்டில்?" என்று கேட்டேன்.

"கதவைச் சாத்திய பிறகு மட்டும்," என்றாள். "வெளியே நாங்கள் கிரேக்கர்."

அடுத்த மாதம், கிரேக்கர்கள் நிறைந்த டான்ஃபோர்த் பக்கத்தில் அவளுக்குக் கல்யாணம். மாப்பிள்ளையின் தாய் இந்த விடுதியின் சமையலறையில்தான் வேலை செய்கிறார். அவர்கள் நல்ல மனிதர்கள், ஆனால் அப்படி ஒரு மொழியே உலகத்தில் இல்லை என்று மேசையில் அடித்துச் சொல்கிறவர்கள் என்றாள்.

"நிரூபா, யாருக்கும் சொல்லிவிடாதே."

கொழும்பில் பஸ்ஸில் போகும்போது, என் தமிழ் யாருக்கும் கேட்காதபடி அம்மா என் வாயைப் பொத்தியிருக்கிறாள். நான் தலையாட்டினேன். அது நல்ல காரியமா என்று யோசிக்க நேரமிருக்கவில்லை.

கதவு திறந்தது. சச்சி அண்ணை கோப்பைக்குள் எட்டிப் பார்த்தார்.

"அட, மனுசன் சாப்பிடுது. உன்ர வைத்தியம் பலிச்சிட்டுது, டொக்டர் அம்மா. கிரீக்தானே வேலை செய்தது?"

மக்டலீனுக்குத் தமிழ் தெரியாது. அந்த ஒரு சொல் அவளுக்கு விளங்கியது. மேசைக்குக் கீழே என் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"ஓம் அண்ணை," என்றேன்.

"பாத்தியே. அப்ப குழாய்க் கதையை விடுவம். விடியச் சாப்பாட்டுக்குக் கிச்சினில நிக்கிற கிரீக் அம்மாவையே அனுப்புறன். அவ கதைச்சா இந்த மாடி முழுக்கக் கேக்கும், இவருக்கு நல்லாத்தான் இருக்கும்."

இல்லை, கிரேக்கம் கேட்டால் அவர் மறுபடி மூக்கைப் பொத்துவார் என்று சொல்ல வேண்டும். எப்படித் தொடங்கினாலும் அது மக்டலீனில் போய் முடிந்தது. மணிக்கட்டில் அவளுடைய பிடி தளரவில்லை. சச்சி அண்ணை ஏற்கெனவே சமையலறைக்குத் தொலைபேசி எடுத்துக்கொண்டிருந்தார்.

அலெக்ஸாண்டர் அடுத்த கரண்டிக்காக வாயைத் திறந்து வைத்திருந்தார்.